வயிற்றுச் சவ்வும் மயிலாடி வழியும்

நாஞ்சில் நாட்டு மயிலாடி என்றதும் கல்லும் உளியுமே நம் நினைவுக்கு வரும். மருந்துவாழ்மலைக்கு அண்மையிலுள்ள அவ்வூர்ச் சிற்பிகள் மார்பையும் வயிற்றையும் இடையையும் அளவு பிசகாமல் கல்லில் வடிக்க வல்லவர்கள். அந்த வயிற்றுக்குள்ளே இருப்பது என்ன என்பதைத் தமிழில் அச்சிட்டுச் சொன்ன வரலாற்றிலும் மயிலாடிக்கு ஒரு பங்கு உண்டு என்பதைச் சிலரே அறிவர்.

வயிற்றறையின் உட்சுவரில் ஒட்டி, பின் மடிந்து, இரைப்பை, ஈரல், குடல் ஆகியவற்றையும் போர்த்தியிருக்கும் மெல்லிய சவ்வு ஒன்று உண்டு. விரித்துப் பார்த்தால் உடலின் தோற்பரப்புக்கு ஏறத்தாழ ஈடாகும் அளவினது. அதன் இரு மடிப்புகளுக்கும் இடையே கசியும் சிறிதளவு நீரால்தான் குடல் உராய்வின்றி நெளிந்து இயங்குகிறது. சிறுநீரகங்களும் கணையத்தின் பெரும்பகுதியும் சவ்வுக்குப் பின்னால் ஒதுங்கிக் கிடக்கின்றன. மேலே உதரவிதானம் கூரை. கீழே இடுப்பெலும்புக் கிண்ணம். வயிற்றறைக்கும் இடுப்பறைக்கும் நடுவே தடுப்புச் சுவர் ஏதும் இல்லை. சவ்வு அப்படியே இறங்கி, மூத்திரப்பை, கருப்பை ஆகியவற்றின் மேல் படர்ந்து, மலக்குடலுக்கு முன்னே ஒரு பள்ளமாகத் தாழ்கிறது. ஆண்களிடத்து இது முற்றும் மூடிய பை. பெண்களிடத்தோ கருக்குழாய்களின் வாய் இதனுள் திறக்கின்றது. ஹஜ்ஜுப் பெருநாளில் குர்பானி ஆட்டை அறுத்துத் துண்டு போடும்போது குடலின் மேல் வலைபோல் கொழுப்புப் படர்ந்த சவ்வைக் காணாதார் யார்? அது இந்தச் சவ்வின் ஒரு தொங்கலே. உள்ளே எங்கேனும் அழற்சி கண்டால் அங்கே சென்று ஒட்டி, நஞ்சு பரவாமல் மூடிக்கொள்ளும் இயல்பும் அதற்கு உண்டு.

இச்சவ்வை அரபு மருத்துவர்கள் ‘ஸிஃபாக்’ என்றனர். கொழுப்புத் தொங்கலை ‘ஸர்ப்’ என்றும், வயிற்றின் வெளிச்சுவரை ‘மராக்’ என்றும் அழைத்தனர். கி.பி. ஒன்பதாம் நூற்றாண்டில் பகுதாதில் ஹுனைன் இப்னு இஸ்ஹாக்கும் அவர் குழுவினரும் கிரேக்க மருத்துவர் காலனின் நூல்களை அரபியில் பெயர்த்தனர். காலனின் உடற்கூற்றுச் செய்முறை நூலின் பிற்பகுதி கிரேக்க மூலத்தில் அழிந்து, இன்று அரபியில் மட்டுமே எஞ்சி நிற்கிறது. மொழிபெயர்ப்பைத் தாழ்ந்த தொழிலாக எண்ணுவோர் இதைச் சற்றே நினைத்துப் பார்க்கட்டும். பின்னர் 1013இல் மறைந்த அந்தலூசிய அறுவை மருத்துவர் அஸ்ஸஹ்ராவி, வயிறு கிழிந்து குடல் வெளிப்பட்டால் அதனை உள்ளே செலுத்தித் தைக்கும் முறைகளை எழுதிவைத்தார். இந்த மருத்துவம் இலத்தீனுக்குச் சென்றபோது சொற்களும் உடன் சென்றன. 1316இல் முன்டினோ எழுதிய உடற்கூற்று நூலில் ‘ஸிஃபாக்’ ‘சிஃபாக்’ ஆகவும், ‘ஸர்ப்’ ‘சிர்புஸ்’ ஆகவும், ‘மராக்’ ‘மிராக்’ ஆகவும் நின்றன. அறிவைக் கடனாகப் பெற்றவர்கள் சொல்லையும் கடன் வாங்க அன்று வெட்கப்படவில்லை.

தமிழ் என்ன செய்தது? இங்கேதான் மயிலாடிக்கு வருகிறோம். ஜெர்மானியரான ரிங்கல்தௌபே 1806இல் அவ்வூரில் இலண்டன் மிஷன் பணியைத் தொடங்கினார். 1809இல் அங்கே தேவாலயம் எழுந்தது. அவருக்குப் பின் 1818இல் வந்த மீட், மிஷனின் தலைமையிடத்தை மயிலாடியிலிருந்து நாகர்கோவிலுக்கு மாற்றி, சில ஆண்டுகளில் அங்கே அச்சுக்கூடம் நிறுவினார். சமயப் பிரசுரங்களுக்காக ஏற்பட்ட அந்த அச்சுக்கூடத்தை மருத்துவத்துக்கும் பயன்படுத்திக்கொண்டவர் யாழ்ப்பாணத்து மானிப்பாயில் இருந்த அமெரிக்க மருத்துவர் சாமுவேல் கிறீன். 1847இல் யாழ்ப்பாணம் வந்த அவர், 1860களில் தம் மாணவர்களுக்குத் தமிழிலேயே மருத்துவம் கற்பிக்கத் துணிந்தார். மாணவர்களைக் கொண்டு பெயர்ப்பித்துத் தாம் திருத்திய ‘மனுஷ அங்காதிபாதம்’ 1872இல் நாகர்கோவிலில் அச்சாயிற்று. ஆங்கிலத்தில் 1858இல் வெளியான கிரேயின் உடற்கூற்று நூலே அதன் மூலம். பதினான்கே ஆண்டுகளில் அது தமிழுக்கு வந்தது! அதன் நடையில் வடசொற்கள் மலிந்திருப்பது உண்மை. ‘அங்காதிபாதம்’ என்ற பெயரே அதற்குச் சான்று. எனினும் வடமொழி மிகுதி என்று குறை கூறிய நாம், அதற்கு மாற்றாக அத்தகைய வேறொரு நூலை எத்தனை ஆண்டு கழித்து எழுதினோம்? கிறீன் 1873இல் தாயகம் திரும்பினார். அவருக்குப் பின் ஆங்கிலமே மருத்துவக் கல்வியின் மொழியாயிற்று.

அச்சவ்வின் அருமையை மக்கள் துன்பத்தின் வழியே அறிந்த இடம், 1838இல் மருத்துவர் ராம்சே தொடங்கிய நெய்யூர் மருத்துவமனை. 1922இல் எவரெஸ்ட் ஏற வந்த அறுவை மருத்துவர் சாமர்வெல், திரும்பும் வழியில் நெய்யூரைக் கண்டு, இலண்டன் வாழ்வைத் துறந்து அங்கேயே பணியேற்றார். தென் திருவிதாங்கூரில் அந்நாளில் குடற்புண் மிகுதி. புண் முற்றிக் குடல் துளைபட்டால், உள்ளிருப்பது சவ்வுப்பையில் கொட்டி வயிறு பலகைபோல் இறுகிவிடும். உடனே அறுத்துத் தைக்காவிடின் உயிர் தங்குவது அரிது. சாமர்வெல் இத்துறையில் பெற்ற அனுபவம் 1948இல் இரைப்பை அறுவை பற்றிய நூலாக ஆங்கிலத்தில் வெளிவந்தது. காரமும் கவலையுமே புண்ணுக்குக் காரணம் என்று அக்காலத்தில் பலர் நம்பினர். 1982இல் வாரன், மார்ஷல் என்னும் ஆஸ்திரேலியர் இருவர், பெரும்பாலான புண்களுக்கு ஒரு பாக்டீரியாவே அடிப்படை எனக் கண்டறியும் வழியைத் திறந்தனர்.

இன்றும் மருத்துவமனை வராந்தாவில் ‘பெரிட்டோனைட்டிஸ்’ என்ற சொல்லைக் கேட்டுக் கைபிசைந்து நிற்கும் தாய்மாரைக் காண்கிறோம். கையெழுத்துக் கேட்கும் தாளும் பெரும்பாலும் ஆங்கிலத்தில்தான் இருக்கிறது. இலங்கைத் தமிழர் கலைச்சொல்லாக்கத்தில் இச்சவ்வுக்குச் ‘சுற்றுவிரி’ என்று பெயர். கிரேக்கச் சொல்லின் பொருளும் சுற்றிலும் விரிந்தது என்பதேயாம்.