ஷெல் ஷாக்

முதல் உலகப் போரில், பீரங்கித் தாக்குதலுக்கு நடுவே பதுங்குகுழிகளில் கிடந்த வீரர்களைப் பீடித்த மனநோய். உடலில் காயம் இராது. ஆனால் கை நடுங்கும், பேச்சு அடைபடும், சிலருக்குப் பார்வையே போகும். 1915இல் 'லான்செட்' மருத்துவ இதழில் மருத்துவர் சார்லஸ் மையர்ஸ் இதைப் பற்றி எழுதினார். வெடியதிர்ச்சி மூளையைக் கலக்கியதே காரணம் என்று முதலில் கருதினர். குண்டு விழுந்த பக்கமே போகாதவர்களுக்கும் நோய் வந்ததால் அந்த விளக்கம் நிற்கவில்லை. படைத்தலைமை பலரைக் கோழைகளாகவே நடத்தியது. படையைவிட்டு ஓடியது, கோழைத்தனம் போன்ற குற்றங்களுக்காகச் சுட்டுக்கொல்லப்பட்ட பிரிட்டிஷ், காமன்வெல்த் வீரர்கள் 306 பேருக்கு 2006இல்தான் மன்னிப்பு கிடைத்தது. அவர்களில் இந்நோயாளிகளும் உண்டு. எடின்பரோவின் கிரெய்க்லாக்கார்ட் மருத்துவமனையில் மருத்துவர் ரிவர்ஸ், நினைவுகளை அடக்கச் சொல்லாமல் நோயாளிகளைப் பேசவைத்தார். அது அதிகாரிகளுக்கான மருத்துவமனை. சாதாரணச் சிப்பாய்கள் சிலருக்கு லண்டனில் கிடைத்ததோ, தொண்டையில் மின்சாரம் பாய்ச்சும் வைத்தியம்.