போர்மேகங்களுக்கிடையே ஒரு படக்கருவி: ஏ.கே.செட்டியார்



காந்தியடிகள் நடந்து செல்லும் பழைய கறுப்பு வெள்ளைக் காட்சிகளை நம் மாணவர்கள் இன்று கைப்பேசியிலேயே பார்த்துவிடுகிறார்கள். சிதறிக் கிடந்த அத்தகைய காட்சிகளை உலகெங்கும் தேடித் திரட்டி, முதன்முதலில் முழுநீள ஆவணப்படமாக்கியவர் ஒரு தமிழர் என்பதை எத்தனை பேர் அறிவோம்? அவர்தாம் ஏ.கே.செட்டியார் எனும் அ.கருப்பன் செட்டியார்.

செட்டிநாட்டுக் கோட்டையூரைச் சேர்ந்த இவர் 1911ஆம் ஆண்டு பிறந்தார். இளமையிலேயே பர்மா சென்று, இரங்கூனில் 'தனவணிகன்' இதழின் ஆசிரியராகப் பணியாற்றினார். பின்னர் தோக்கியோவிலும் நியூயார்க்கிலும் புகைப்படக் கலையை முறையாகக் கற்றார். 1937 அக்டோபர் 2ஆம் நாள், நியூயார்க்கிலிருந்து அயர்லாந்து செல்லும் கப்பலில், காந்தியைப் பற்றிப் படம் எடுக்க வேண்டும் என்ற எண்ணம் அவருக்குத் தோன்றியது. அன்று காந்தியின் பிறந்தநாள். செட்டியாருக்கு இன்னும் 26 வயது நிறையவில்லை.

எண்ணம் எளிது, செயல் அரிது. உலகம் போரை நோக்கி விரைந்துகொண்டிருந்த காலம் அது. 1937இல் சீனாவில் ஜப்பானியப் படை முன்னேறியது. 1939 செப்டம்பரில் ஐரோப்பாவில் போர் மூண்டது. இந்தியாவோ அடிமைப்பட்டுக் கிடந்தது. ஆள்வோரை எதிர்ப்பவரைப் பற்றிய படத்தை, ஆள்வோரின் கண்ணெதிரிலேயே எடுக்க வேண்டிய நிலை! ஆயினும் செட்டியார் கண்டம்விட்டுக் கண்டம் அலைந்து, ஏறத்தாழ ஒரு லட்சம் மைல் பயணம் செய்தார். 30 ஆண்டுகளில் நூற்றுக்கும் மேற்பட்ட ஒளிப்பதிவாளர்கள் எடுத்திருந்த காட்சிகளைத் தேடி, 50,000 அடி நீளப் படச்சுருளைத் திரட்டினார். அதிலிருந்து 12,000 அடி நீளத்தில் உருவான தமிழ்ப்படம் 1940 ஆகஸ்டில் சென்னையில் வெளியானது.

ஆனால், காலம் அவருக்குத் துணை நிற்கவில்லை. போர் நெருக்கடியிலும், 1942இல் எழுந்த 'வெள்ளையனே வெளியேறு' போராட்டத்தையொட்டிய அடக்குமுறையிலும் காந்தியின் படத்திற்குத் திரையில் இடம் ஏது? 1947 ஆகஸ்டில், இந்தியா விடுதலை பெற்ற வேளையில், அதன் இந்திப் பதிப்பு தில்லியில் திரையிடப்பட்டது. 1953இல் ஆங்கிலப் பதிப்பு அமெரிக்காவில் வெளியானது.

இங்கே நம் மண்ணின் வரலாற்றையும் இணைத்துப் பார்க்கலாம். செட்டியார் படக்கலை பயின்ற அதே ஜப்பானின் படைகள் 1941 டிசம்பர் 8ஆம் நாள் கோத்தா பாருவில் தரையிறங்கின. அடுத்த சில மாதங்களில் மலாயாவும் அவர் பணிபுரிந்த இரங்கூனும் அவர்கள் வசமாயின. நம் தோட்டப்புறத் தமிழர்கள் ஆயிரக்கணக்கில் சயாம் மரண இரயில் பாதைக்குக் கொண்டு செல்லப்பட்டனர். அவர்களைத் தேடிச் சென்று படம்பிடிக்க ஒரு செட்டியார் அங்கு இல்லை. திரும்பி வராத பலருக்கு ஒரு நிழற்படம்கூட மிஞ்சவில்லை.

போர் உச்சத்தில் இருந்த 1943இல் செட்டியார் 'குமரி மலர்' எனும் மாத இதழைத் தொடங்கினார். 1983இல் மறையும்வரை பழைய கட்டுரைகளையும் ஆவணங்களையும் அதில் தேடித் தேடிப் பதிப்பித்தார். 'மலேயா முதல் கனடா வரை' எனும் பயணநூலையும் நமக்குத் தந்தார்.

இத்தனை கவனமாகச் சேர்த்தவரின் தமிழ்ப்படமே இன்று முழுமையாகக் கிடைக்கவில்லை என்பது பெரும் துயரம். ஆங்கிலப் பதிப்பின் படி ஒன்றை ஆய்வாளர் ஆ.இரா.வேங்கடாசலபதி பல்லாண்டுகளுக்குப் பின் அமெரிக்காவில் கண்டறிந்தார். ஆவணம் தானாகப் பிழைத்திருப்பதில்லை. யாரேனும் ஒருவர் அதைப் பேண வேண்டும்.

மெர்லிமாவ் வட்டாரத்திலும் பால்மரக் காடுகள் செம்பனையாயின. தோட்டத்து மக்கள் பட்டணங்களுக்குப் பெயர்ந்தனர். வீடு மாறும்போது முதலில் தொலைவது பழைய படங்களே. ஆகவே பெற்றோர்களே, வீட்டிலுள்ள பழைய நிழற்படங்களை எடுத்துப் பாருங்கள். படத்தில் இருப்பவர் யார், எந்தத் தோட்டம், எந்த ஆண்டு என்பதைப் பெரியவர்களிடம் கேட்டுப் பின்புறத்தில் பென்சிலால் எழுதி வையுங்கள். ஆசிரியர்களே, இதனையே மாணவர்களுக்கு ஒரு வரலாற்றுப் பணியாகக் கொடுக்கலாம். அதற்கு ஒரு லட்சம் மைல் செல்ல வேண்டியதில்லை. தாத்தா பாட்டியின் அருகில் ஒரு மணி நேரம் அமர்ந்தால் போதும்.