லார்க்கானா, புனே, பாரிஸ்: குமார் சஹானியின் வழித்தடம்

இயக்குநர் குமார் சஹானி என்றதும் ரொபேர் பிரெஸ்ஸோன் பெயரையும் சேர்த்துச் சொல்வது வழக்கமாகிவிட்டது. பிரெஞ்சு மேதையிடம் உதவியாளராக இருந்தவர், ஆகவே அவருடைய சினிமா ஐரோப்பியச் சரக்கு என்று பலர் முடித்துவிடுகிறார்கள். படங்களை வரிசையாகப் பார்த்தால் இந்த முடிவு செல்லாது. பாரிஸுக்குப் போகும் முன்பே புனே அவருக்குள் வேர்விட்டிருந்தது.

சஹானி 1940இல் சிந்து மாகாணத்து லார்க்கானாவில் பிறந்தார். பிரிவினைக்குப் பின் குடும்பம் பம்பாய்க்குக் குடிபெயர்ந்தது. அங்கிருந்து அவர் படிக்கப் போன புனே திரைப்படக் கல்லூரி, பிரபாத் நிறுவனத்தின் பழைய ஸ்டுடியோ வளாகத்தில் 1960இல் தொடங்கப்பட்டது. 1960களின் நடுவில் வங்க இயக்குநர் ரித்விக் கட்டக் அங்கே பாடம் நடத்தினார். கிழக்கு வங்கத்தைப் பறிகொடுத்தவர் ஆசிரியர், சிந்துவைப் பறிகொடுத்தவர் மாணவர். வளாகத்து மாமரத்தடியில் கட்டக் மாணவர்களை உட்காரவைத்துப் பேசுவார் என்று இன்றும் சொல்வார்கள். ஊரை இழந்தவனின் துயரத்தைத் தாய்த்தெய்வத் தொன்மத்தோடு பொருத்திக் காட்டும் கலை அவருடையது. அவருடைய ‘மேக தாக தாரா’ படத்தைப் பார்த்தவர்களுக்கு இது தெரியும்.

அதே ஊரில்தான் டி. டி. கோசாம்பியும் வாழ்ந்தார். கணித அறிஞர், வரலாற்றாசிரியர். புனேயைச் சுற்றியுள்ள குன்றுகளிலும் வயல்களிலும் கால்நடையாக அலைந்தவர். கிராமத்தார் செந்தூரம் பூசிக் கும்பிடும் கல்லுக்கு அருகிலேயே கற்காலத்து நுண்கருவிகளைப் பொறுக்கியெடுத்து, பழைய வழிபாடு இன்றும் உயிரோடிருப்பதைக் காட்டினார். சஹானி அவரிடமும் கற்றார். 1966 ஜூனில் கோசாம்பி மறைந்தார்.

அதன் பிறகே பாரிஸ். பிரெஞ்சு அரசின் உதவித்தொகையில் சென்ற சஹானி, பிரெஸ்ஸோனின் முதல் வண்ணப்படமான ‘உய்ன் ஃபாம் தூஸ்’ (1969) படத்தில் பணியாற்றினார். 1968 மே மாத எழுச்சியையும் அந்த நகரில் இருந்தே பார்த்தார். நடிகரை உணர்ச்சி காட்டவிடாமல் அடக்கிவைக்கும் பிரெஸ்ஸோனின் கண்டிப்பு, நிர்மல் வர்மாவின் கதையை வைத்து எடுத்த ‘மாயா தர்ப்பண்’ (1972) படத்தில் தெளிவாகவே தெரிகிறது. பழைய மாளிகைத் தாழ்வாரத்தில் நாயகி தரண் நடந்துகொண்டே இருக்கிறாள். அவள் முகம் எதையும் விளக்குவதில்லை. ஆனால் ஒளிப்பதிவு செய்த கே. கே. மகாஜனும் இசையமைத்த பாஸ்கர் சந்தாவர்க்கரும் புனே கல்லூரியோடு தொடர்புடையவர்கள். படத்துக்குத் தேசிய விருது கிடைத்தது. சத்யஜித் ராய் கடுமையாக விமர்சித்தார். அடுத்த கதைப்படத்துக்குச் சஹானி 12 ஆண்டுகள் காத்திருக்க நேர்ந்தது என்பதை நினைத்தால் இன்றும் மனம் ஆறவில்லை.

காத்திருந்து வந்த ‘தரங்’ (1984) படத்தில்தான் என் வாதத்துக்கு வலுவான சான்று இருக்கிறது. தொழிற்சங்கக்காரனின் விதவையான ஜானகி, முதலாளி வீட்டுக்கு வேலைக்கு வருகிறாள். அந்தப் பாத்திரத்தில் நடித்தவர் புனேயில் பிறந்த ஸ்மிதா பாட்டீல். படத்தின் முடிவில் ஜானகி ஊர்வசியாகிறாள், வீட்டு மருமகன் ராகுல் புரூரவஸாகிறான். ரிக்வேதத்தில் ஊர்வசிக்கும் புரூரவஸுக்கும் இடையே வரும் உரையாடலைப் பலரும் காதலர் பிரிவாகவே படித்துவந்தார்கள். பலியிடப்படவிருக்கும் ஆண் உயிருக்காகக் கெஞ்சும் சடங்கு நாடகம் அது என்றவர் கோசாம்பி. 1962இல் வெளிவந்த கட்டுரைத் தொகுதியில் இதை எழுதியிருக்கிறார். ராகுல் இறைஞ்சுகிறான், ஜானகி அசையவில்லை. அவள் முகத்தின் அடக்கம் பாரிஸில் கற்றதாக இருக்கலாம். அவள் மறுப்பு புனேயின் குன்றுகளிலிருந்து வந்தது.