மாடு கைமாறினால் பால் பாக்கி யாருக்கு?

ஒரு கறவை மாட்டை வித்தேன். ஊர்ல நாலு வீட்டுப் பால் பாக்கி அப்படியே நிக்குது. அது எனக்கு வரவேண்டிய பணம்தான். ஆனா 'நாளைக்குப் பால் கிடையாது'ன்னு சொல்ல இப்ப மாடு என்கிட்ட இல்லையே!

அந்தக் காலத்து கரண்ட் கம்பெனிகள் கதையும் இதுதான். மெட்ராஸ் எலெக்ட்ரிக் சப்ளை கார்ப்பரேஷனை 1947-ல் மாகாண அரசு வாங்கியது. இப்படி வாங்க வழி செய்தது 1910-ம் வருஷத்து இந்திய மின்சாரச் சட்டம். அதன் 7-வது பிரிவு விலை போடச் சொன்னது நிலம், கட்டடம், இயந்திரம், தளவாடங்களுக்கு. கம்பெனி பட்ட கடன் அரசு தலையில் ஏறாது. விலைப் பணத்தில்தான் ஏறும். ஜனங்கள் கட்டாத பில் அந்தப் பட்டியலிலேயே இல்லை. தனியாகப் பேசி எழுதிக்கொண்டால் ஒழிய, அது பழைய கம்பெனியின் பாக்கி.

பில் கட்டாதவருக்கு கரண்டை நிறுத்த அதே சட்டம் இடம் கொடுத்தது. கம்பி கைமாறியதும் பழைய கம்பெனிக்கு அந்தப் பிடி போச்சு. மிச்சம் கோர்ட்டுதான். அதுக்கும் 3 வருஷக் கெடு.

பிரிட்டனில் வேறு மாதிரி. 1948 ஏப்ரல் 1 அன்று மின் கம்பெனிகளின் சொத்து, உரிமை, பொறுப்பு எல்லாம் சட்டப்படியே அரசு வாரியங்களுக்குப் போயின. மாட்டோடு பால் கணக்கு நோட்டையும் ஓட்டிக்கொண்டு போன மாதிரி!

ரெண்டு வழியிலும் பாக்கி அழியவில்லை. கேட்கிற ஆள்தான் வேறு. அதனால கைமாறுகிற காலத்தில் பழைய ரசீதைத் தூக்கிப் போடாதீங்க. கட்டின காசுக்கு அதுதான் சாட்சி.