வளர்ப்பு நாயின் ஆக்ரோஷத்தை மதிப்பிடுதல்

வளர்ப்பு நாய்கள் பெரும்பாலும் எச்சரிக்கை தந்த பின்னரே கடிக்கின்றன. அந்த எச்சரிக்கையை வீட்டினர் அறிந்திருப்பின் பல கடிகளைத் தவிர்க்க இயலும்.

இனப்பெயர் மட்டும் போதுமா?

2024 மே மாதம் சென்னை ஆயிரம் விளக்கில் உள்ள மாநகராட்சிப் பூங்காவில் ஐந்து வயதுச் சிறுமியை இரண்டு ராட்வைலர் நாய்கள் கடித்துப் படுகாயப்படுத்தின. எந்த இனம் ஆபத்தானது என்பதே அப்போது பேச்சாயிற்று. பெரிய உடலும் வலிய தாடையும் உள்ள நாய் கடித்தால் காயம் கடுமையாகும் என்பது உண்மை. ஆனால், ஒரு நாய் கடிக்குமா என்பதை இனப்பெயர் கூறாது. பனமலை, விழுப்புரம், திண்டிவனம் பகுதிகளில் மோட்டார் கொட்டகைக் காவலுக்குக் கட்டி வைக்கப்படும் நாட்டு நாயையும் இதே கவனத்துடன் பார்க்க வேண்டும். பகல் முழுவதும் சங்கிலியில் கிடந்து மனிதப் பழக்கம் குறைந்த நாய், சோறு கொண்டு வரும் சிறுவனையும் அயலாராகக் கருதக்கூடும்.

எவற்றைக் கவனிப்பது?

முன்னர் எவரையேனும் கடித்துள்ளதா, எந்தச் சூழலில் கடித்தது என்பதே முதற்கேள்வி. உண்ணும்போதும், உறங்கும்போதும், குட்டிகளுடன் இருக்கும்போதும் எவரேனும் நெருங்கினால் உடல் விறைக்கிறதா, அசையாமல் நிற்கிறதா, கண்ணின் வெண்பகுதி தெரியப் பக்கவாட்டில் பார்க்கிறதா எனத் தொலைவிலிருந்து கவனியுங்கள். சோதிப்பதற்காக உணவைப் பறித்துப் பார்க்க வேண்டாம். வாலை ஆட்டுவதை மட்டும் கொண்டு நட்பு என முடிவு செய்வதும் தவறு. விறைத்து உயர்ந்த வால் வேகமாக ஆடுவது கடிக்கு முன்னரும் காணப்படும். உறுமும் நாயை அடிப்பது நம்மிடையே வழக்கம். அடிபட்ட நாய் உறுமுவதைத்தான் நிறுத்தும்; அச்சம் அப்படியே இருக்கும். அடுத்த முறை எச்சரிக்கையின்றிக் கடிக்கலாம்.

இதுவரை சாதுவாக இருந்த நாய் திடீரெனச் சீறினால் கால்நடை மருத்துவரிடம் காட்டுங்கள். காதுப்புண், மூட்டுவலி போன்றவை காரணமாகலாம். குரல் மாற்றம், எச்சில் வடிதல், விழுங்க இயலாமை, இருளில் ஒதுங்குதல், கண்டதையெல்லாம் கடித்தல் ஆகியவை சேர்ந்து காணப்பட்டால் ரேபிஸ் எனக் கருதி, நாயின் அருகில் செல்லாமல் உடனே தகவல் தெரிவிக்க வேண்டும்.

கடித்துவிட்டால்

"வீட்டு நாய்தானே, ஊசி போட்டிருக்கிறோம்" என்று காத்திருப்பதே பெரும் தீங்கு. பல் மெல்லப் பட்டதை நாயின் குணத்திற்குச் சிறிய குறையாகக் கொள்ளலாம். நோய்த்தொற்றுக்கு அது சிறியதன்று. இரத்தம் வராத கீறலுக்கும் தடுப்பூசி தேவை. தோல் கிழிந்து இரத்தம் வந்திருந்தால் காயத்தினுள் இம்யூனோகுளோபுலினும் செலுத்தப்பட வேண்டும். காயத்தைச் சோப்பும் ஓடும் நீரும் கொண்டு 15 நிமிடங்கள் கழுவுங்கள். மஞ்சள், சுண்ணாம்பு, மிளகாய்த்தூள் எதுவும் வேண்டாம். அன்றே அரசு மருத்துவமனைக்கோ ஆரம்ப சுகாதார நிலையத்திற்கோ செல்லுங்கள். தோலினுள் செலுத்தும் தடுப்பூசி 0, 3, 7, 28 ஆகிய நாள்களில் போடப்படும்.

கடித்த நாயைக் கொல்லவோ விரட்டிவிடவோ வேண்டாம். பாதுகாப்பாகக் கட்டி வைத்து 10 நாள்கள் கவனியுங்கள். அந்த நாள்கள் முடியட்டும் என்று தடுப்பூசியைத் தள்ளிப்போடாதீர்கள்.