வராமையால் தள்ளுபடியான மேல்முறையீடும் அதன் மீட்பும்

மேல்முறையீடு விசாரணைக்கு அழைக்கப்படும் நாளில் மேல்முறையீட்டாளரோ அவருடைய வழக்கறிஞரோ நீதிமன்றத்தில் இல்லாவிட்டால், அது 'வராமையால் தள்ளுபடி' செய்யப்படலாம். அவ்வாறு தள்ளுபடியானதை மீண்டும் கோப்பில் எடுத்து விசாரிக்க வேண்டுமெனக் கேட்பதே மீட்பு மனு. நிலமோ வீடோ பறிபோகும் வழக்கில், ஒரு நாள் வராத காரணத்தால் ஒருவர் தம் கடைசி வாய்ப்பையும் இழக்கலாமா என்பதே இம்மனுவின் பின்னால் உள்ள கேள்வி.

இந்தியாவில் 1859ஆம் ஆண்டின் உரிமையியல் நடைமுறைச் சட்டத்திலேயே இதற்கு இடம் இருந்தது. தள்ளுபடியான 30 நாட்களுக்குள் மனுச் செய்து, வர இயலாமற்போனதற்குப் போதிய காரணம் இருந்ததை மெய்ப்பிக்க வேண்டும். 1877, 1882 ஆண்டுகளின் சட்டங்களைக் கடந்து, இன்று நடப்பிலுள்ள 1908ஆம் ஆண்டுச் சட்டத்தில் இது கட்டளை 41, விதி 19 ஆக நிற்கிறது. தள்ளுபடி செய்யும் அதிகாரம் விதி 17இல் உள்ளது. தமக்கு அறிவிப்பு வராமலேயே மேல்முறையீடு ஒருதலைப்பட்சமாக முடிந்துவிட்டது என்று எதிர்மேல்முறையீட்டாளர் முறையிட விதி 21 உதவுகிறது. மீட்பு மனு மறுக்கப்பட்டால், அந்த மறுப்பை எதிர்த்தும் கட்டளை 43இன்படி மேல்முறையீடு செய்யலாம்.

அந்த 30 நாள் கணக்கு இன்றும் மாறவில்லை. 1963ஆம் ஆண்டுக் காலவரையறைச் சட்டத்தின் 122ஆம் உறுப்பு அதையே கூறுகிறது. ஆனால் கட்சிக்காரருக்குத் தள்ளுபடி தெரியவந்த நாளிலிருந்து இக்காலம் ஓடுவதில்லை. தள்ளுபடியான நாளிலிருந்தே ஓடுகிறது. சிற்றூரில் இருப்பவருக்கு, தொலைவிலுள்ள நீதிமன்றத்தில் வழக்கு விழுந்த செய்தி பல மாதம் கழித்து வருவதுண்டு. அப்போது மீட்பு மனுவுடன், தாமதத்தை மன்னிக்கக் கோரும் 5ஆம் பிரிவு மனுவையும் சேர்த்தே தாக்கல் செய்ய வேண்டும். நடைமுறையில் பெரும்போராட்டம் இந்த இரண்டாவது மனுவில்தான் நடக்கிறது.

மேல்முறையீட்டாளர் வராதபோது, கோப்பைப் படித்துப் பார்த்து 'வழக்கில் சாரமில்லை' என்று நீதிமன்றம் தீர்ப்பளிக்கலாமா என்பதில் நெடுங்காலம் கருத்து வேறுபாடு இருந்தது. மேலோட்டமாகப் பார்த்தால் இது வராதவருக்குக் காட்டும் சலுகைபோலத் தோன்றும். உண்மை நேர்மாறானது. வராமையால் தள்ளுபடியானால் விதி 19இன் கதவு திறந்திருக்கும்; தகுதியின் அடிப்படையில் தள்ளுபடியானால் அது மூடிவிடும். 1976ஆம் ஆண்டுத் திருத்தச் சட்டம் விதி 17க்கு ஒரு விளக்கத்தைச் சேர்த்து, தகுதியின் அடிப்படையில் தள்ளுபடி செய்ய அந்த விதி அதிகாரம் தரவில்லை என்று தெளிவுபடுத்தியது. ஆயினும் 1996இல் அப்துர் ரகுமான் எதிர் அதீபா பேகம் வழக்கில் உச்ச நீதிமன்றம் அதையே ஓர் உயர் நீதிமன்றத்துக்கு நினைவூட்ட வேண்டியிருந்தது.

கட்சிக்காரர் செய்ய வேண்டியதையெல்லாம் செய்துவிட்டு வழக்கறிஞரை நம்பி ஊரில் இருக்க, அந்த வழக்கறிஞரே வராவிட்டால் என்ன செய்வது? அலகாபாத் உயர் நீதிமன்றத்திலிருந்து வந்த ரபீக் எதிர் முன்ஷிலால் வழக்கில் (1981) இக்கேள்வி எழுந்தது. நீதிபதி டி. ஏ. தேசாய் எழுதிய தீர்ப்பு, வழக்கறிஞரின் தவறுக்குக் கட்சிக்காரரைத் தண்டிக்கக் கூடாது என்று கூறி மேல்முறையீட்டை மீட்டது. செலவுத்தொகை 200 ரூபாயை வராத வழக்கறிஞரிடமிருந்தே வசூலிக்கலாம் என்றும் ஆணையிட்டது. மீட்பு மனுக்களில் மிகுதியாக மேற்கோள் காட்டப்படும் தீர்ப்புகளுள் இதுவும் ஒன்று.

வரி வழக்குகளில் வரலாறு வேறு வழியில் சென்றது. அதன் தொடக்கம் சென்னை. மேல்முறையீட்டாளர் வராவிட்டால் தள்ளுபடி செய்யலாம் என்று வருமான வரி மேல்முறையீட்டுத் தீர்ப்பாயத்தின் 24ஆம் விதி கூறியது. எஸ். சென்னியப்ப முதலியாரின் மேல்முறையீடு அவ்வாறே தள்ளப்பட்டது. அந்த விதியே செல்லாது என்றது சென்னை உயர் நீதிமன்றம். 1969இல் உச்ச நீதிமன்றமும் அதை உறுதிசெய்தது. 1922ஆம் ஆண்டுச் சட்டம், இரு தரப்புக்கும் வாய்ப்பளித்து மேல்முறையீட்டின்மீது ஆணை பிறப்பிக்கும்படி தீர்ப்பாயத்தைப் பணித்திருந்தது. மேலும், தீர்ப்பாயத்தின் ஆணையிலிருந்து எழும் சட்டக் கேள்விகளே உயர் நீதிமன்றத்துக்குச் செல்ல முடியும். தகுதியையே தொடாமல் தள்ளினால் அந்த வழியும் அடைபடும். எனவே தாய்ச் சட்டம் தராத அதிகாரத்தை விதி எடுத்துக்கொள்ள முடியாது என்று முடிவானது. 2014இல் பாலாஜி ஸ்டீல் ரீரோலிங் மில்ஸ் வழக்கில், சுங்க, கலால் தீர்ப்பாயத்தைப் பொறுத்தும் இதே நிலையை உச்ச நீதிமன்றம் எடுத்தது.

குற்றவியல் மேல்முறையீட்டில், ஒருவரின் உடல்சார்ந்த விடுதலையே தராசில் இருப்பதால், விசாரணைக்கு ஏற்கப்பட்ட மேல்முறையீட்டை வராமைக்காகத் தள்ளுபடி செய்யவே முடியாது. நீதிமன்றம் ஆவணங்களைப் படித்தே தீர வேண்டும் என்று சியாம் தேவ் பாண்டே வழக்கு (1971) வலியுறுத்தியது. 1987இல் ராம் நரேஷ் யாதவ் வழக்கு ஒரு படி மேலே சென்று, வழக்கறிஞரைக் கேட்காமல் முடிவெடுக்கக் கூடாது என்றது. 1996இல் பானி சிங் வழக்கில் மூன்று நீதிபதிகள் அமர்வு அதை ஏற்கவில்லை. ஆவணங்களைப் படித்துத் தகுதியின்மீது தீர்ப்பளிக்கலாம், ஒத்திவைத்தே ஆக வேண்டும் என்பதில்லை என்று அது கூறியது. ஆனால் மேல்முறையீட்டாளர் சிறையில் இருந்து, தாமாக வர முடியாத நிலையில், அவருடைய வழக்கறிஞரும் வராவிட்டால், வேறொரு நாளுக்கு ஒத்திவைப்பதே தக்கது என்றும் அந்த அமர்வு குறிப்பிட்டது.