கைதிகள் கேட்டு வாங்கிய புத்தகம்

கோவை பீளமேட்டு மோட்டார் வைண்டிங் பட்டறைகளில் வேலை செய்கிறவர்களின் கண்ணுக்கும் கைக்கும் ஓய்வே கிடையாது. ஸ்டேட்டர் ஸ்லாட்டுக்குள் இன்சுலேஷன் பேப்பரைச் சொருக வேண்டும். செம்புக் கம்பிச் சுருளை ஒரு இழை பிசகாமல் இறக்க வேண்டும். மேலே மூங்கில் சீவலைத் தட்டி இறுக்க வேண்டும். காது மட்டும் சும்மா இருக்கும். முன்பெல்லாம் அந்தக் காதுக்குக் கோவை வானொலி போதும். இப்போது கைபேசியில் ஒலிப்புத்தகம் ஓடுகிறது. ஒரு பக்கம்கூடப் புரட்டாமல் பொன்னியின் செல்வனை முழுக்க முடித்தவர்கள் இந்தப் பட்டறைகளில் இருக்கிறார்கள். நான் காதால் படித்து முடித்தவை பெரும்பாலும் ரஷ்யச் சிறைக் கதைகள். தஸ்தயேவ்ஸ்கியும் சோல்செனித்சினும் ஷலாமோவும் எனக்குக் குரலாகத்தான் பழக்கம். அவர்களைக் கேட்கக் கேட்க, நம் பக்கத்துச் சிறைகளில் கைதிகள் எந்தப் புத்தகத்தைக் கேட்டிருப்பார்கள் என்ற கேள்வி எழுந்தது. அந்தக் கேள்வி கொண்டுபோய் நிறுத்திய இடம் வ.உ.சி. எழுதிய ‘மெய்யறிவு’.

அந்தச் சிறிய நூலின் அருமை தெரிய, முதலில் கோலிமாவைக் கொஞ்சம் சொல்லியாக வேண்டும்.

சைபீரியாவின் வடகிழக்குக் கோடியில் இருக்கிறது கோலிமா. ஸ்டாலின் காலத்துத் தங்கச் சுரங்க முகாம்கள் அங்கேதான் இருந்தன. வர்லாம் ஷலாமோவ் 1937இல் இரண்டாம் முறையாகக் கைதாகி அங்கே அனுப்பப்பட்டார். பின்னாளில் குற்ற உலகத்தைப் பற்றி அவர் எழுதிய கட்டுரைகளில் ஒன்று, முகாம்களில் திருடர்களுக்கு நாவல் சொல்லும் வழக்கத்தைப் பற்றியது மட்டுமே. திருடர் என்றால் பசிக்குத் திருடி மாட்டிக்கொண்டவர் என்று நினைத்துவிடக் கூடாது. அது ஒரு கட்டுக்கோப்பான கூட்டம். அரசாங்கத்துக்கு ஊழியம் செய்வதில்லை, உடல் உழைப்பைத் தொடுவதில்லை என்பதெல்லாம் அவர்களுக்குள் சட்டம். மேனி முழுக்கக் குத்தியிருக்கும் பச்சை, யார் எத்தனை முறை உள்ளே போனவர், கூட்டத்தில் எந்தத் தகுதி என்று சொல்லிவிடும். முகாம் நிர்வாகமும் அரசியல் கைதிகளைவிட இவர்களைத்தான் தனக்கு நெருக்கமானவர்கள் என்று கருதியது. அதனால் கொட்டடியில் அடுப்புக்குப் பக்கத்து இடம் அவர்களுக்கு. குளிரும் பட்டினியும் படித்தவர்களுக்கு.

இரவானால் திருடர்களுக்குக் கதை வேண்டும். புத்தகம் இல்லை, இருந்தாலும் வாசிக்கும் பொறுமை இல்லை. படித்த கைதி ஒருவரை வரவழைப்பார்கள். மாண்டி கிறிஸ்டோ பிரபுவின் கதைக்கு எப்போதும் மவுசு. அநியாயமாகச் சிறைப்பட்டவன் தப்பிப் பணக்காரனாகிப் பழிவாங்கும் கதை சிறைக்குள் எடுபடாமல் எங்கே எடுபடும்? துப்பறியும் கதையும், பிரபுக்களும் சீமாட்டிகளும் உலவும் கதையும்கூட நன்றாகப் போகும். சொல்கிறவருக்குக் கூலி, ஒரு கிண்ணம் சூப்பு.

இதை வைத்து ஷலாமோவ் ஒரு சிறுகதை எழுதியிருக்கிறார். பாம்பாட்டி என்று அதன் தலைப்பைச் சொல்லலாம். பிளாத்தோனவ் என்ற திரைக்கதை எழுத்தாளர் புதிய சுரங்கத்துக்கு வந்து சேர்கிறார். திருடர் தலைவன் ஃபெத்யா படுத்திருக்க, ஒரு சிறுவன் அவன் உள்ளங்காலைச் சொறிந்துவிடுகிறான். நாவல் சொல்லத் தெரியுமா என்று கேள்வி வருகிறது. பசியில் இருக்கும் பிளாத்தோனவ் தனக்குள் ஒரு சமாதானம் செய்துகொள்கிறார்: இவர்களுக்கு உண்மையான இலக்கியத்தை அறிமுகம் செய்யலாம், இங்கேயும் நம் தொழிலையே செய்யலாம், இதில் என்ன குறைச்சல். சரி என்கிறார். சூப்பு கிடைக்கிறது. இந்த அனுபவத்தைக் கதையாக எழுத அவருக்கு ஆசை இருந்தது. எழுதும் முன்பே வேலைத்தளத்தில் விழுந்து இறந்துபோகிறார். அவர் வைத்திருந்த தலைப்பிலேயே கதையைச் சொல்லிமுடிப்பவர் அவருடைய நண்பர். நான் கேட்ட கதைகளில் இந்தக் கதையைப் போல மனசை அறுத்தது வேறில்லை. சொல்கிறவருக்கும் கேட்கிறவருக்கும் இடையில் அன்பு என்று ஒன்று கிடையாது. ஃபெத்யா இன்று கதை கேட்பான். நாளை அதே ஆளின் கம்பளிச் சட்டையைச் சீட்டாட்டத்தில் பந்தயம் வைப்பான். நல்ல நாவலைக் கேட்டால் மனிதன் நல்லவனாகிவிடுவான் என்ற நம்பிக்கையை ஷலாமோவ் அடியோடு மறுத்தார். குற்றவாளிகளைக் கவர்ச்சியாகக் காட்டியதற்காகப் பெரிய பெரிய எழுத்தாளர்களையும் அவர் விடவில்லை.

கோலிமாவில் நடந்ததற்கு நேர் எதிரான ஒன்று நம் பக்கத்தில் நடந்தது. அதன் முன்கதை கோவைச் சிறையில் தொடங்குகிறது.

பீளமேட்டிலிருந்து அவிநாசி சாலையில் நகருக்குள் போனால் காந்திபுரத்துக்குப் பக்கத்தில் மத்திய சிறை. எங்கள் பகுதி மில் குடும்பங்களுக்கு அந்தச் சிறை என்றால் 1946 ஜனவரி 8 நினைவுக்கு வரும். சின்னியம்பாளையத்து மில் தொழிலாளர் நால்வர் அன்று அங்கே தூக்கிலிடப்பட்டார்கள். அதற்கும் 38 ஆண்டுகளுக்கு முன், 1908 ஜூலையில், வ.உ. சிதம்பரம் பிள்ளை அங்கே கொண்டுவரப்பட்டார். தூத்துக்குடிக்கும் கொழும்புக்கும் இடையே சுதேசிக் கப்பல் விட்ட வக்கீல். திருநெல்வேலியில் நீதிபதி பின்ஹே ஜூலை 7ஆம் தேதி அவருக்கு விதித்தது இரட்டை ஆயுள் தண்டனை. மேல்முறையீட்டில் சென்னை உயர் நீதிமன்றம் அதை ஆறாண்டாகக் குறைத்தது.

அந்தக் காலத்தில் அரசியல் கைதி என்று தனி வகுப்பு கிடையாது. கொலை, கொள்ளை, திருட்டு என்று வந்தவர்களோடுதான் இருக்க வேண்டும். அவர்களில் சிலரையே கன்விக்ட் வார்டர்களாக்கி மற்றவர்களை அடக்க வைப்பது வெள்ளைக்காரன் சிறைகளின் முறை. இந்த இடத்தில் கோலிமாவும் கோவையும் ஒன்றுதான்: படித்தவனை, எதிர்த்தவனை, குற்றவாளியின் கையில் ஒப்படைத்துவிட்டால் பாதி வேலை முடிந்துவிடும் என்பது இரண்டு அரசுகளுக்கும் தெரிந்திருந்தது. சணல் கிழிக்கும் எந்திரத்தைச் சுற்றியதில் வ.உ.சி.யின் உள்ளங்கைத் தோல் உரிந்து ரத்தம் வந்தது. பிறகு மாடு இழுக்கும் செக்கில் அவரைப் பூட்டினார்கள். செக்கைத் தமிழ்நாடு முழுக்கத் தெரியும். அதே சிறையில் அவர் ஆங்கிலேயரான ஜேம்ஸ் ஆலனின் நூலொன்றை ‘மனம் போல வாழ்வு’ என்று தமிழாக்கிக்கொண்டிருந்தது அந்த அளவுக்குத் தெரியாது. 1909இல் அது அச்சாகி வெளிவந்தது. வெளியே இருந்து அவருக்குத் துணை நின்றவர் கோவை வழக்கறிஞர் சி.கே. சுப்பிரமணிய முதலியார், பெரியபுராணத்துக்குப் பேருரை எழுதிய அதே மனிதர்.

பின்னாளில் பரலி சு. நெல்லையப்பர் கேட்டுக்கொண்டதற்காக வ.உ.சி. தம் வாழ்க்கையை அகவலில் எழுதினார். சிறை வாழ்க்கையைத் தமிழில் இவ்வளவு நேராகச் சொன்ன நூல் அதற்கு முன் எனக்குத் தெரிந்து இல்லை. அதில் சக கைதிகள் தனித்தனி ஆட்களாக வருகிறார்கள். அவர்களை அவர் தேவர்களாக்கவும் இல்லை, அருவருக்கவும் இல்லை. ஜெயிலர்களைப் பார்த்த அதே கூரிய கண்ணோடு இவர்களையும் பார்க்கிறார்.

1910 டிசம்பரில் அவரைக் கண்ணூர்ச் சிறைக்கு மாற்றினார்கள். மெய்யறிவு பிறந்தது அங்கே.

கண்ணூரில் சக கைதிகள் சிலர் அவரிடம் அறநூல் பாடம் கேட்டு வந்தார்கள். சென்னை மாகாணத்தில் பத்தில் ஒருவருக்குக்கூட எழுத்துத் தெரியாத காலம் அது. பாடம் கேட்பதென்றால் பெரும்பாலும் காதால் கேட்டு மனத்தில் இருத்துவதுதான். பழைய நீதி நூல்கள் கடினம். உரை சொன்னால் புரிகிறது; உரைகாரர் இல்லாவிட்டால் கையில் ஒன்றும் நிற்பதில்லை. ஆகவே அந்தக் கைதிகளே அவரிடம் வேண்டினார்கள்: எளிய நடையில் எங்களுக்கென்று ஒரு நூல் செய்து தாருங்கள். இப்படித்தான் நூல் உண்டானது என்று வ.உ.சி. அதன் முன்னுரையிலேயே சொல்லியிருக்கிறார்.

இந்த வேண்டுகோளை நினைக்கும்போதெல்லாம் எனக்கு ஃபெத்யாவின் ஞாபகம் வருகிறது. அவனும் கதை கேட்டான். ஆனால் கேட்டது பொழுது போவதற்கு; சொல்கிறவன் உயிர் அவன் கையில். கண்ணூர்க் கைதிகள் கையில் அப்படி எந்த அதிகாரமும் இல்லை, கொடுக்கச் சூப்பும் இல்லை. தண்டனைக் காலம் முடிந்த பிறகும் தங்களோடு கூட வரக்கூடிய ஒன்றை அவர்கள் விரும்பினார்கள். அதற்கு வ.உ.சி. தேர்ந்தெடுத்த வடிவம் வெண்பா. நான்கே அடி, எதுகையும் தளையும் அடுத்த சொல்லை இழுத்துக்கொண்டு வரும். காகிதமும் மையும் கிடைக்காத இடத்தில் அதைவிடப் பத்திரமான பெட்டி தமிழில் இல்லை.

பத்து அதிகாரம், அதிகாரத்துக்குப் பத்தாக நூறு வெண்பா. அதிகாரத் தலைப்புகளை வரிசையாகப் பார்த்தாலே யாருக்கு எழுதியது என்பது விளங்கும். தன்னை அறிதல் முதலில். இரண்டாவது விதியியல் அறிதல். பத்து, இருபது ஆண்டு தண்டனை பெற்றவன் இரவில் உருட்டிக்கொண்டிருக்கும் முதல் கேள்வி, எல்லாம் தலையெழுத்தா, நானே செய்துகொண்டதா என்பதுதானே. அடுத்தது உடம்பை வளர்த்தல். சிறைச்சோற்றைத் தின்று செக்கிழுத்தவர் உடம்பைப் பற்றித் தனி அதிகாரமே வைத்திருக்கிறார். பிறகு மனத்தை ஆளுதல், தன்னிலை நிற்றல், மறம் களைதல், அறம் புரிதல் என்று ஏறிப் போய் மெய்ந்நிலை அடைதலில் நூல் முடிகிறது. ‘மறம் களைதல்’ ஆறாவது இடத்தில் வருவதை நான் முக்கியமாகக் கருதுகிறேன். குற்றத்தை விடு என்று எடுத்த எடுப்பில் சொல்லவில்லை. நீ யார், உன் உடம்பு எப்படி இருக்கிறது, உன் மனம் உன் வசத்தில் இருக்கிறதா என்று ஐந்து படி கூட நடந்த பிறகே அந்தப் பேச்சை எடுக்கிறார். கைதிகளோடு ஒரே கூரையின் கீழ்ப் படுத்து எழுந்தவருக்கு மட்டுமே வரக்கூடிய வரிசை இது. மேடையில் நின்று போதிக்கிறவர் ஆறாவதிலிருந்துதான் தொடங்குவார்.

அதே சிறையில் அவர் செய்த இன்னொரு நூல் ‘மெய்யறம்’. குறளின் வழியில் 125 அதிகாரம் கொண்ட பெரிய கட்டடம். புலவர்கள் அதைத்தான் அதிகம் பேசுவார்கள். என் மனம் சிறியதன் பக்கமே சாய்கிறது.

தஸ்தயேவ்ஸ்கி 1850 முதல் 1854 வரை ஓம்ஸ்க் சிறையில் இருந்தார். கையில் வைத்துக்கொள்ள அனுமதி கிடைத்த ஒரே புத்தகம் புதிய ஏற்பாடு. அந்தச் சிறையைப் பற்றிய அவருடைய நூலில் அலேய் என்று தாகெஸ்தானத்து இளைஞன் வருகிறான். அந்தப் புத்தகத்தையே பாடமாக வைத்து அவனுக்கு ரஷ்ய எழுத்துக் கற்றுத்தருகிறார் கதைசொல்லி. விடுதலையாகிப் போகும்போது அலேய் அவர் கழுத்தைக் கட்டிக்கொண்டு அழுகிறான். ஷலாமோவ் இதைப் படித்துவிட்டு, தஸ்தயேவ்ஸ்கி பார்த்தது தொழில்முறைத் திருடர்களையே அல்ல என்றார். இருக்கலாம். கண்ணூரில் பாடம் கேட்டவர்களும் ஏதோ ஒரு நாள் கோபத்தில் அரிவாள் எடுத்தவர்களாக இருக்கலாம். ஆனாலும் அலேயைவிட அவர்கள் ஒரு படி மேலே போனார்கள் என்று எனக்குத் தோன்றுகிறது. கிடைத்த புத்தகத்தோடு அவர்கள் நிற்கவில்லை. எங்களுக்குத் தேவைப்படும் புத்தகம் இப்படி இருக்க வேண்டும் என்று சொன்னார்கள்.

கண்ணூருக்கும் காதுக்கும் அப்படி ஒரு ராசி போலும். பிற்காலத்தில் அந்த ஊர் பீடிக் கூடங்களில் ஒருவர் உட்கார்ந்து பத்திரிகையும் புத்தகமும் உரக்க வாசிப்பார். மற்றவர்கள் கேட்டுக்கொண்டே பீடி சுற்றுவார்கள். வாசிக்கிறவருக்குக் கூலி குறைந்துவிடாதபடி அவர் பங்குப் பீடியை மற்றவர்கள் சேர்த்துச் சுற்றிக் கொடுப்பார்கள். ஒரு கிண்ணம் சூப்பை எறிந்த ஃபெத்யாவுக்கு இந்தக் கணக்கு ஒருபோதும் புரிந்திருக்காது.

வ.உ.சி. 1912 டிசம்பர் 24 அன்று விடுதலையானார். கப்பல் கம்பெனி போய்விட்டது, வக்கீல் சன்னதும் போய்விட்டது. சென்னையில் குடும்பத்தோடு வறுமையில் கிடந்த அந்த ஆண்டுகளில்தான் மெய்யறம் 1914இலும் மெய்யறிவு 1915இலும் அச்சேறின. நூலை வேண்டிக் கேட்டவர்களில் யார் கைக்கு அந்த அச்சுப் பிரதி போயிருக்கும்? போகாவிட்டாலும் நட்டமில்லை, அவர்களுக்குப் பிரதி தேவைப்படாத வடிவத்தில்தான் அவர் எழுதியிருந்தார்.

நூறு வெண்பாவையும் சீர் பிரித்து நிதானமாகச் சொன்னால் ஒரு மணி நேரத்துக்குள் அடங்கிவிடும். கூடவே எளிய உரையும் சொன்னால் நாளுக்கு ஓர் அதிகாரமாகப் பத்து நாள். கொங்குத் தமிழில் நின்று பேசுகிற நல்ல குரலொன்றில் இதைப் பதிவு செய்ய வேண்டும் என்று தமிழாசிரிய நண்பர்களிடம் கேட்டுவருகிறேன். வெண்பாவை ஓசை கெடாமல் சொல்லத் தெரிந்தவர்கள் பீளமேட்டுப் பள்ளிகளிலேயே இருக்கிறார்கள். பதிவை வெளியே விடுமுன் அனுமதி வாங்கிக் கோவைச் சிறைக்குள் ஒருமுறை ஒலிக்கவிட வேண்டும். எந்த வெண்பா நேராக உள்ளே போகிறது, எந்தச் சொல் முட்டுகிறது, உரை எங்கே நீள்கிறது என்று அங்கே இருப்பவர்கள் சொல்லட்டும். அவர்கள் திருத்தியதையே முடிந்த பதிவாகக் கொள்ளலாம்.